திருகோணமலையில் அரச கடிதத்தைத் தமிழில் கேட்க உரிமை உண்டா?

திருகோணமலை மாவட்டத்து மூதூரில் இருக்கும் உங்களுக்குக் காணிக் கடிதம் முழுக்கச் சிங்களத்தில் வந்திருக்கிறது, தமிழில் கேட்கலாமா என்கிறீர்கள். தாராளமாகக் கேட்கலாம், அது உங்கள் உரிமை.

1956இல் இலங்கையில் சிங்களம் மட்டுமே அரசகரும மொழியானது. 1987இல் அரசியலமைப்பின் 13ஆவது திருத்தம் தமிழையும் சேர்த்தது. நமக்கு அதைவிட முக்கியம் 1988இல் வந்த 16ஆவது திருத்தம்: வடக்கு, கிழக்கு மாகாணங்களின் நிர்வாக மொழி தமிழ் என்று அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை சொல்வது அதன்படிதான். இதே மாவட்டத்துச் சேருவிலயில் இருக்கும் சிங்களவரும் தன் மொழியில் பதில் கேட்கலாம், அதுவும் நியாயம்தான்.

சட்டம் தெளிவாகத்தான் இருக்கிறது. கந்தோர்களில் தமிழ் தெரிந்த உத்தியோகத்தர் போதாமைதான் உண்மையான சிக்கல். அதற்காக நீங்கள் காசு கொடுத்து மொழிபெயர்க்க வேண்டாம். தமிழ்ப் பிரதி தரும்படி எழுத்தில் கேளுங்கள், அப்புறம் நீங்கள் எழுதிய அந்தக் கடிதத்தின் நகலைப் பத்திரமாக வையுங்கள். சரிவராவிட்டால் அரசகரும மொழிகள் ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு அனுப்பலாம், தமிழிலேயே.