எண்பதுகளின் நியூ வேவ் இசையும் ரீமாஸ்டர் பதிப்புகளும்: கேள்வி பதில்

கேள்வி: அண்ணா, அதே பாட்டு, அதே குரல். ரீமாஸ்டர், அதாவது பழைய பதிவைச் செப்பனிட்ட பதிப்பு என்று அட்டையில் போட்டு மறுபடியும் விற்கிறார்கள். உண்மையிலேயே வித்தியாசம் உண்டா?

ஒழுங்காகச் செய்திருந்தால் நிச்சயம் உண்டு. 1982இல் ஜப்பானில் சிடி அறிமுகமானது. கையில் இருந்த ஆல்பங்களை எல்லாம் சிடியாக்கும் அவசரத்தில், பல நேரங்களில் ஸ்டுடியோவில் கலந்து முடித்த மூல டேப்பைத் தேடாமல், இசைத்தட்டு வெட்டுவதற்காகத் தயாரித்த நகல் டேப்பையே எடுத்துக்கொண்டார்கள். ஊசி தடம் மாறித் தாவாமல் இருப்பதற்காக அந்த நகலில் அடித்தொனியைக் குறைத்து, 'ஸ்', 'ஷ்' ஒலிகளின் கூர்மையையும் மழுக்கியிருப்பார்கள். சிடிக்கு அந்தக் கட்டுப்பாடு தேவையே இல்லை. ஆனாலும் வந்து சேர்ந்தது. நல்ல ரீமாஸ்டர் மூல டேப்புக்குத் திரும்பிப் போகிறது.

கேள்வி: எல்லாப் பழைய இசைக்கும் இது பொருந்துமே. நியூ வேவை மட்டும் ஏன் இவ்வளவு கொண்டாடுகிறீர்கள்?

சிந்தசைசர் என்னும் மின்னணு இசைக்கருவியும் டிரம் மெஷினும் மிகுந்த பாப் இசை அது. அந்த இசையில் மௌனத்துக்கு இடம் இருக்கிறது, அதனால்தான். ஹியூமன் லீக் குழுவின் 'டேர்' ஆல்பத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1981இல் மார்ட்டின் ரஷென்ட் தயாரித்தது. தாளம் முழுக்க இயந்திரம். அதில் முக்கியமானது லின் எல்எம்-1. நிஜ டிரம் ஒலிகளைச் சில்லுகளில் பதிந்து வைத்து வாசித்த முதல் டிரம் மெஷின் அது. அடி விழுகிறது, சட்டென்று நிற்கிறது. அடுத்த அடி வரும்வரை அங்கே வெறும் வெளிதான். கித்தார் இரைச்சல் நிறைந்த ராக் பதிவில் மங்கிய நகலைக் கூடப் பொறுத்துக்கொள்ளலாம். இங்கே அந்த வெளி கலங்கினால் பாட்டே தளர்ந்துவிடும்.

அல்ட்ராவாக்ஸ் குழுவின் 'வியன்னா' பாட்டு இன்னொரு சான்று. தொடக்கத்தில் தனியாக ஒலிக்கும் தாளத்தை ஹெட்ஃபோனில் கேளுங்கள். ஒவ்வோர் அடிக்கும் பின்னால் ஓர் எதிரொலி நீண்டு தேய்கிறது. தெளிவான பதிப்பில் அது தேய்ந்து முடிவதுவரை காது கூடவே போகும். பிறகு அக்குழுவின் பில்லி கர்ரி வாசிக்கும் வியோலா (வயலினைவிடச் சற்றுப் பெரிய கருவி) நுழையும்போது, அத்தனை மின்னொலிக்கும் நடுவே வில் நரம்பில் உரசுவது கேட்கும். எனக்கு இன்றும் சிலிர்க்கும் இடம் அது.

கேள்வி: ரீமாஸ்டர், ரீமிக்ஸ் இரண்டும் ஒன்றா ஐயா?

இல்லை. குரல், டிரம், சிந்தசைசர் எல்லாம் கலந்து முடிந்த டேப்பைச் செப்பனிடுவது ரீமாஸ்டர். தனித்தனித் தடங்களை எடுத்து மறுபடியும் கலப்பது ரீமிக்ஸ். 'வியன்னா' ஆல்பத்துக்கு 2020இல் இசைக்கலைஞர் ஸ்டீவன் வில்சன் செய்தது இரண்டாவது வகை. அருமையான வேலை. ஆனால் முதலில் மூலக் கலவையைக் கேட்டுவிட்டு அதற்குப் போங்கள்.

கேள்வி: நான் வாங்கிய ரீமாஸ்டர் சிடி நாலு பாட்டுக்குள் காதைக் களைப்பாக்கிவிட்டது. பழைய சிடியே மேல் என்று தோன்றுகிறது. என் காதில்தான் கோளாறா?

உங்கள் காது சரியாகத்தான் சொல்கிறது. தொண்ணூறுகளிலிருந்தே யார் சிடி அதிகச் சத்தம் என்று ஒரு போட்டி நடந்தது. ஒலி ஓர் அளவைத் தாண்டாமல் தடுக்கும் லிமிட்டரால் உச்சங்களை நசுக்கி, மொத்தத்தையும் தூக்கிவிட்டார்கள். மெல்லிய இடமும் உரத்த இடமும் ஒரே மட்டத்துக்கு வந்துவிட்டால் டிரம் அடிக்கு வலு ஏது? இந்த வகை ரீமாஸ்டர்களை நான் மன்னிப்பதில்லை. ஒப்பிடும்போது புதியதன் ஒலியளவைக் குறைத்து, இரண்டும் ஒரே சத்தத்தில் வரும்படி வைத்துக் கேளுங்கள். சத்தத்தைத் தவிர அதில் வேறொன்றும் இல்லையென்றால் உடனே தெரிந்துவிடும்.

கேள்வி: நாற்பது ஆண்டுக்கு முந்தைய டேப் கெட்டுப்போயிருக்காதா?

சில கெட்டிருக்கும். அக்காலத்து டேப் வகைகள் சிலவற்றில், காந்தப்பொடியைப் பிடித்திருக்கும் பசை காற்றின் ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுத்துவிடும். சுமார் 50 டிகிரி மிதமான சூட்டில் மணிக்கணக்கில் வைத்து உலர்த்தினால் தற்காலிகமாகத் தேறும். அதற்குள் டிஜிட்டலுக்கு மாற்றிவிட வேண்டும்.

கேள்வி: நியூ ஆர்டர் குழுவின் 'ப்ளூ மண்டே' 12 அங்குலத் தட்டு, 1983 பதிப்பு, வீட்டில் இருக்கிறது. அதற்கும் ரீமாஸ்டர் வாங்கவா?

தட்டு தேயாமல் இருந்தால் அவசரமே இல்லை. ஒரு பக்கத்துக்கு ஒரே பாட்டு என்பதால் தடங்களை அகலமாக வெட்ட இடம் இருந்தது. அடித்தொனியைக் குறைக்க வேண்டிய நெருக்கடி இல்லை. அந்தப் பணத்துக்கு 'டேர்' வாங்குங்கள்.