அரிசி டிரம்மில் அகப்பட்ட பணம்

கேள்வி: என் வீட்டுக்காரர் விசைப்படகுக்குப் போகிறவர். பங்குப் பணத்தை முழுசாக என் கையில் கொடுப்பார். மறுநாளே டீக்கு, வெற்றிலைக்கு, ‘ஒரு அவசரத்துக்கு’ என்று கடனாகத் திரும்ப வாங்கிவிடுவார். அரிசி டிரம்மில் 2,000 ரூபாய் ஒளித்தேன். எடுத்துத் தூண்டில் வாங்கிவிட்டார். கேட்டால், “அரிசியோட வந்துச்சுன்னு நெனச்சேன்” என்கிறார்!
— ஒரு வாசகி, பாம்பன்

பதில்: அரிசி டிரம்மா? ஆம்பளைகள் முதலில் கையை விட்டுத் துழாவுகிற இடமே அதுதானே, தாயி! எங்க வீட்டுக்காரர் தும்மிக்கொண்டே மிளகாய்த்தூள் டப்பாவைத் துழாவியவர். இப்போது துணி சோப்பு டப்பாவுக்கு அடியில் வைக்கிறேன். பதினோரு வருஷமாக அந்தப் பக்கம் அவர் கை போனதே இல்லை.

ஆனால் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகு கரையில் கிடக்கும், சோப்பு டப்பா தாங்காது. மீனவ மகளிர் சேமிப்பு நிவாரணத் திட்டம் இருக்கிறதே, நீங்கள் 1,500 கட்டினால் அரசு 3,000 சேர்த்துத் தரும். மீன்வளத் துறை அலுவலகத்தில் கேளுங்கள். அந்தப் பணத்தில் அவர் கை வைக்க முடியாது.

அது சரி, அந்தத் தூண்டிலில் ஏதாவது மாட்டியதா? விளமீன் என்றால் பாதி உங்களுடையது, விடாதீர்கள்.