மொட்டை மாடியே கதி என்று இருக்கும் மகன்

கேள்வி: காசிமேட்டில் வசிக்கிறோம். கணவர் விசைப்படகில் போனால் திரும்ப ஒரு வாரத்துக்கு மேல் ஆகும். நான் மீன் வியாபாரம் செய்கிறேன். பத்து வயது மகன் பள்ளி விட்டு வந்ததும் மாடிக்கு ஏறி, இருட்டும்வரை புறாக்களோடு பேசிக்கொண்டிருக்கிறான். நண்பர்கள் இல்லை. ஒரு மாதமாக வறட்டு இருமல் வேறு. இது மனநோயா? புறாக்களை விற்றுவிடலாமா?

மருத்துவர் பதில்: புறாவோடு பேசுவது நோய் அல்ல, அம்மா. வடசென்னையில் பந்தயப் புறா வளர்க்கும் பெரியவர்களும் பேசத்தான் செய்கிறார்கள். அவர்களை யாரும் என்னிடம் அழைத்து வருவதில்லை.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலத்தில் அப்பா வீட்டில் இருப்பாரே, அப்போதும் மகன் இப்படித்தான் இருந்தானா? அப்போது கீழே இறங்கி வந்து அவரோடு சுற்றினான் என்றால், தனிமை அவன் சுபாவம் இல்லை. வீட்டில் ஆள் இல்லை, அவ்வளவுதான். ஆள் இருந்தும் ஒதுங்குகிறான், தூக்கமும் சாப்பாடும் குறைகிறது, பள்ளிக்குப் போக மறுக்கிறான், புறாக்கள் மீதே ஆசை விட்டுப்போகிறது என்றால் குழந்தைகள் மனநல மருத்துவரிடம் காட்டுங்கள். பள்ளியில் யாராவது கேலி செய்கிறார்களா என்பதை அவனிடம் நேராகக் கேட்காதீர்கள். தீனி போடும்போது பக்கத்தில் உட்காருங்கள், தானாக வரும்.

எனக்குக் கவலை இருமல்தான். இரண்டு வாரத்தைத் தாண்டிய இருமலுக்குக் காசநோய்ப் பரிசோதனை அவசியம். ஆஸ்துமாவாகவும் இருக்கலாம். புறா எச்சம், இறகுத் தூள் ஆகியவற்றை நாள்தோறும் சுவாசித்தால் சிலருக்கு நுரையீரலில் ஒவ்வாமை அழற்சி வரும். கூண்டைச் சுத்தம் செய்த சில மணி நேரத்தில் இருமல், மூச்சிரைப்பு, காய்ச்சல் தலைகாட்டும். கவனிக்காமல் விட்டால் நுரையீரலில் நிரந்தரத் தழும்பு விழும். ஸ்டான்லி அரசு மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள்; வீட்டில் புறா இருப்பதை மறக்காமல் சொல்லுங்கள். மூச்சு வாங்கினால் அன்றே போக வேண்டும். அதுவரை அவன் கூண்டுக்குள் நுழைய வேண்டாம். பெரியவர் ஒருவர் முகக்கவசம் அணிந்து, தண்ணீர் தெளித்துச் சுத்தம் செய்யட்டும். உலர்ந்த எச்சத்தைப் பெருக்கக் கூடாது.

புறாதான் காரணம் என்று உறுதியானால் அவற்றைக் கொடுத்துத்தான் ஆக வேண்டும், மருந்து மட்டும் போதாது. ஆனால் அவன் பள்ளிக்குப் போன நேரம் பார்த்து விற்றுவிடாதீர்கள். யாரிடம் கொடுப்பது என்பதை அவனிடமே கேளுங்கள். பக்கத்துத் தெருவில் கொடுத்தால் பழகிய புறா உங்கள் மாடிக்கே திரும்பிவிடும் என்பது நம் இருவரையும்விட அவனுக்குத்தான் நன்றாகத் தெரியும்.