வாசகர் கேள்விகள்: டோரதி டான்ட்ரிட்ஜ்

கேள்வி: சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்ட முதல் கறுப்பின நடிகை டோரதி டான்ட்ரிட்ஜ் என்று படித்தேன். அத்தனை பெரிய கௌரவத்துக்குப் பிறகும் அவர் நடித்த படங்கள் ஏன் இவ்வளவு குறைவு? (வாசகி, திருநெல்வேலி)

பதில்: அவரிடம் எந்தக் குறையும் இல்லை, அவருக்குக் கொடுக்கத்தக்க வேடங்களை அன்றைய ஹாலிவுட் எழுதவே இல்லை. 1922இல் கிளீவ்லாந்தில் பிறந்த டோரதி, சிறு வயதிலேயே அக்கா விவியனுடன் தென் மாநிலத் தேவாலயங்களில் ஆடிப் பாடிச் சம்பாதித்தவர். பிறகு இரவு விடுதிகளில் பாடகியாகப் பெயர் வாங்கியவர். 1953இல் ஒரு படத்தில் பள்ளி ஆசிரியையாக நடித்திருந்த அவரைப் பார்த்த இயக்குநர் ஓட்டோ பிரெமிங்கர், 'கார்மென் ஜோன்ஸ்' நாயகி வேடத்துக்கு இவ்வளவு நாகரிகமான பெண் பொருந்தமாட்டார் என்று ஒதுக்கிவிட்டார். டோரதி வாதாடவில்லை. இறுக்கமான ஸ்கர்ட்டும் கழுத்து இறங்கிய மேல்சட்டையும் அணிந்து, நடையையே மாற்றிக்கொண்டு மறுபடியும் அவர் முன்னால் போய் நின்றார், வேடம் கிடைத்தது.

அந்த 1954ஆம் ஆண்டுப் படத்துக்காகவே பரிந்துரை வந்தது. விருது கிரேஸ் கெல்லிக்குப் போனது. டுவென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் நிறுவனம் டோரதியை ஒப்பந்தம் செய்துகொண்டது. ஆனால், அவருடைய அடுத்த படம் 1957இல்தான் திரைக்கு வந்தது. புகழின் உச்சியில் இருந்த ஒரு நடிகைக்கு நேர்ந்த இந்த இடைவெளியை நினைத்தால் இன்றும் ஆத்திரமாக இருக்கிறது. வெள்ளையருக்கும் கறுப்பினத்தவருக்கும் இடையிலான காதலைத் திரையில் காட்டக்கூடாது என்று படத் தயாரிப்பாளர்களின் நெறிமுறை 1934 முதல் கண்டிப்பாகத் தடுத்துவந்ததாலும், பெரிய நிறுவனங்களின் கதாநாயகர்கள் அநேகமாக எல்லோருமே வெள்ளையர்களாக இருந்ததாலும், அவரை யாருக்கு ஜோடியாக்குவது என்பதற்கே வழியில்லாமல் போயிற்று. மிஞ்சியவை பணிப்பெண் வேடங்களும் அடிமை வேடங்களும்தாம். 'தி கிங் அண்ட் ஐ' படத்தில் டப்டிம் என்ற அடிமைப் பெண்ணின் வேடம் வந்தபோது, துணை வேடத்துக்கு இறங்க வேண்டாம் என்ற பிரெமிங்கரின் சொல்லைக் கேட்டு மறுத்துவிட்டார். அதைத் தவறு என்பவர்கள் உண்டு. ஒருமுறை இறங்கிவிட்டால் மறுபடியும் நாயகியாக ஏறிவர ஒரு கறுப்பின நடிகையை அன்று யாரும் விட்டிருக்கமாட்டார்கள் என்பதால், அவர் செய்தது சரி என்றே கருதுகிறேன். திரையில் அத்தகைய காதலைக் காட்டுவதற்கு இருந்த தடை 1956 இறுதியில்தான் நீக்கப்பட்டது. அதன் பிறகு 1957இல் வெளிவந்த 'ஐலண்ட் இன் தி சன்' படத்தில் வெள்ளை நடிகர் ஜான் ஜஸ்டினுக்கு ஜோடியாக நடித்திருந்தார். 1963இல் திவாலாகி, 1965இல் தம் 42ஆவது வயதில் மறைந்தார்.

கேள்வி: 'கார்மென் ஜோன்ஸ்' பாடல்களைப் பாடியவர் அவர்தாமா? (வாசகர், ஈரோடு)

பதில்: இல்லை. பிரெஞ்சு இசையமைப்பாளர் பிஸேயின் ஓபரா (இசை நாடக) இசையில் அமைந்த படம் என்பதால், அப்போது இருபது வயதேயான மேரிலின் ஹார்ன் பின்னணி பாடினார். 1959இல் வந்த 'போர்கி அண்ட் பெஸ்' படத்திலும் டோரதிக்கு அடேல் அடிசனின் குரலே ஒலித்தது. மேடையில் பாடியே பெயர் எடுத்தவரின் இரண்டு முக்கியமான படங்களிலும் அவருடைய பாட்டுக் குரல் இல்லாமல் போனது பெரிய இழப்பு.

கேள்வி: அவர் ஒரு பத்திரிகைக்கு எதிராக நீதிமன்றத்தில் சாட்சி சொன்னாராமே? (வாசகர், கோவை)

பதில்: ஆம். நட்சத்திரங்களைப் பற்றி வம்புச் செய்திகளை வெளியிட்டுவந்த 'கான்ஃபிடென்ஷியல்', அவர் டாஹோ ஏரிப் பகுதியில் பாடச் சென்றிருந்தபோது ஒரு வெள்ளைக்காரருடன் காட்டுக்குள் ஒதுங்கியதாக எழுதியது. அவர் வழக்குத் தொடுத்து இழப்பீடு பெற்றார். அதோடு நின்றுவிடாமல், 1957இல் அந்தப் பத்திரிகைமீது லாஸ் ஏஞ்சலிஸில் நடந்த குற்றவியல் வழக்கிலும் சாட்சிக் கூண்டில் ஏறினார். அரசுத் தரப்பில் சாட்சி சொல்ல வந்த இன்னொரு நட்சத்திரம் மொரீன் ஒஹாரா மட்டுமே. கறுப்பினத்தவர் டாஹோவில் தாம் பாடிய விடுதியில் தம் விருப்பம்போல் நடமாட அனுமதி இல்லாததால், பாடும் நேரம் போக மற்ற நேரமெல்லாம் தம் அறையிலேயே இருக்க வேண்டியிருந்தது என்றும், யாரோடும் உலாவப் போக வாய்ப்பே இருக்கவில்லை என்றும் டோரதி நீதிமன்றத்தில் சொன்னார்.