கற்பனை நாகரிகத்தில் மாய இசையே கடிகாரமாக இருக்க முடியுமா?

தாராளமாக முடியும், மாயம்கூட அதிகம் தேவையில்லை. நொடிக்கு 256 முறை அதிரும் குழலையும் 257 முறை அதிரும் குழலையும் துருத்தி வைத்துச் சேர்த்து ஒலிக்கவிட்டால் ஓசை நொடிக்கு ஒருமுறை ஏறி இறங்கும், இயற்பியலில் இதற்கு விம்மல் என்று பெயர். அந்த விம்மலைத் தெய்வத்தின் மூச்சாக்கி, எண்ணுகிற பொறுப்பைக் குருமார்களிடம் கொடுங்கள்.

எனக்கு ரொம்பப் பிடித்தது அடுத்த விஷயம். காற்று 10 டிகிரி சூடேறினால் குழலின் சுருதி சுமார் 1.7 சதவீதம் கூடும், விம்மலும் அதே அளவு வேகமாகும், அதாவது ஒரே நாளில் இந்தக் கடிகாரம் கிட்டத்தட்ட 25 நிமிடம் முந்திவிடும். கம்பி வாத்தியமோ வெயிலில் சுருதி இறங்கும். அப்புறம் என்ன, குழலை நம்பும் ஊருக்கும் யாழை நம்பும் ஊருக்கும் கோடை முழுக்க நோன்பு எப்போது முடிகிறது என்பதிலேயே சண்டைதான். மாயம் வேண்டுமென்றால் ஒரே விதி போதும்: குழல் ஓய்ந்தால் பொழுது நகராது. துருத்தி மிதிக்கும் உரிமை எந்தக் குடும்பத்துக்கு என்பதையும் முடிவு செய்துவிடுங்கள்.