சைவ ஜமைக்கா பேட்டீஸ்: மாவு ஏன் கெட்டிப்படுகிறது, பூரணம் ஏன் கசிகிறது?

ஜமைக்கா பேட்டீஸ் என்பது மஞ்சள் மேல்மாவுக்குள் காரப் பூரணம் வைத்து, அரைவட்டமாக மடித்து ஓவனில் சுடும் பண்டம். அதை வீட்டில் செய்து பார்க்கிறவர்கள் கேட்பதில் முக்கால்வாசி இரண்டே இடத்தில் வந்து நிற்கிறது. ஒன்று, மாவில் போட்ட கொழுப்பு அடுப்புக்குப் போகும் முன்பே உருகிவிடுகிறது. இல்லையென்றால், பூரணத்தில் தண்ணீர் நின்றுவிடுகிறது. அதனால் இந்த இரண்டுக்கும் விரிவான பதில், மற்றவற்றுக்குச் சுருக்கமாக. அளவுகள் 10 பேட்டீஸுக்கு. தேக்கரண்டி 5 மி.லி., மேசைக்கரண்டி 15 மி.லி.

கேள்வி: வெண்ணெய் சேர்த்துப் பிசைந்தேன். தேய்க்கும்போதே கையெல்லாம் பிசுபிசுத்தது. வெந்த பிறகு பிஸ்கட் மாதிரி கெட்டியாகிவிட்டது, அடுக்கே வரவில்லை. (சென்னை)

மே மாதச் சமையலறையில் வெறும் வெண்ணெயை நம்பி இறங்கினால் இப்படித்தான் ஆகும். மேல்மாவில் அடுக்கு வருவதற்குக் காரணம், மாவுக்கு நடுவே கொழுப்பு சின்னச் சின்னத் துண்டுகளாகத் தனித்து நிற்பதுதான். ஓவன் சூட்டில் துண்டு உருகும், மாவின் ஈரம் ஆவியாகி அந்த இடத்தைத் தூக்கிப் பிடிக்கும். துண்டுகள் பிசையும்போதே உருகி மாவோடு கலந்துவிட்டால் ஆவிக்கு இடம் ஏது?

ஜமைக்காவும் வெயில் ஊர்தான். அங்கே பழைய முறையில் மாட்டின் சிறுநீரகத்தைச் சுற்றியுள்ள கெட்டிக் கொழுப்பைத் துருவிப் போடுவார்கள். அது 45 டிகிரிக்குப் பக்கத்தில்தான் உருகும், ஆகவே அந்தச் சூட்டிலும் மாவு தாங்கும். வெண்ணெய் 32 முதல் 35 டிகிரிக்குள் உருகிவிடும், இளகுவது அதற்கும் வெகு முன்பே. தேங்காய் எண்ணெய் 24 டிகிரியிலேயே திரவம். சைவத்தில் பழைய கொழுப்புக்கு ஈடாக நிற்பது வனஸ்பதிதான். டிரான்ஸ் கொழுப்பு பற்றிய பயம் நியாயமானதே. இந்தியாவில் 2022 முதல் அதற்கு 2 சதவீத உச்சவரம்பு இருக்கிறது, பாக்கெட்டில் அச்சிட்ட அளவைப் பார்த்து வாங்குங்கள். வனஸ்பதிக்கு ருசி இல்லை என்பதால் மூன்றில் ஒரு பங்கு வெண்ணெய் சேர்ப்பது நல்லது. பாலும் வேண்டாம் என்பவர்கள் முழுக்க வனஸ்பதியே போடலாம்.

மைதா 400 கிராம், வனஸ்பதி 120 கிராம், உப்பில்லாத வெண்ணெய் 60 கிராம், உப்பு ஒன்றேகால் தேக்கரண்டி, மஞ்சள்தூள் ஒன்றரை தேக்கரண்டி, சர்க்கரை 1 தேக்கரண்டி, வினிகர் 2 தேக்கரண்டி, ஐஸ் தண்ணீர் 120 முதல் 140 மி.லி.

கொழுப்பு இரண்டையும் ஃப்ரீசரில் ஒரு மணி நேரம் வையுங்கள். மைதாவையும் மஞ்சள், உப்பு, சர்க்கரை சேர்த்துக் கிண்ணத்தோடு ஃப்ரிட்ஜில் வைத்துவிடுங்கள். பிறகு கொழுப்பைக் கேரட் துருவியின் பெரிய கண்ணில் துருவி, நடுநடுவே மாவைத் தூவி, விரல் நுனியால் மட்டும் உதறிவிடுங்கள். துருவல் கண்ணுக்குத் தெரிந்தபடியே இருக்க வேண்டும். வினிகர் கலந்த ஐஸ் தண்ணீரைத் தெளித்துத் தெளித்துச் சேருங்கள். கையில் அள்ளி அழுத்தினால் உருண்டை பிடிக்கும், ஆனால் சப்பாத்தி மாவு போல மழமழப்பாக இருக்காது. அங்கேயே நிறுத்திவிட வேண்டும். நம் கைப்பழக்கம் பிசையச் சொல்லும், கேட்காதீர்கள். பிசைந்தால் பசைத்தன்மை ஏறி, தேய்த்த வட்டம் சுருங்கும், வெந்ததும் கடினமாகும்.

இதை ஒரு செ.மீ. கனத்தில் நீள்சதுரமாகத் தேய்த்து, கடிதம் மடிப்பதுபோல மூன்றாக மடித்து, திருப்பிப் போட்டு இன்னொரு முறை தேய்த்து மடியுங்கள். மூடி வைத்து ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில். நடுவில் எப்போது கையில் ஒட்டினாலும் வேலையை நிறுத்திக் கால் மணி நேரம் மறுபடி உள்ளே வைத்துவிடுங்கள். ஒட்டுகிறதே என்று மேலே மேலே மைதா தூவுவது மாவை வறட்டிவிடும்.

கேள்வி: அடிப்பக்கம் சொதசொதவென்று இருக்கிறது, ஓரம் பிரிந்து மசாலா தட்டில் வழிகிறது. முள்கரண்டியால் நன்றாகத்தான் அழுத்தினேன். (கோவை)

ஓரத்தில் குறை இருக்காது, பூரணத்தைப் பாருங்கள். அது ஈரமாகவோ சூடாகவோ இருந்தால் எப்படி அழுத்தினாலும் பிரியும். சூடான பூரணம் பட்ட இடத்தில் கொழுப்பு அப்போதே உருகிவிடும், ஈரமானது ஓவனில் கொதித்துத் தையலைத் தேடிப் பிரிக்கும்.

வாணலியில் பூரணத்தின் நடுவே கரண்டியால் ஒரு வாய்க்கால் கிழியுங்கள். ஐந்தாறு விநாடிக்குப் பிறகும் அதில் தண்ணீர் ஊறாமல் அடித்தட்டு தெரிந்தால் இறக்கலாம். ஊறினால் மூடாமல் இன்னும் கிளறுங்கள். கடைசியில் 4 மேசைக்கரண்டி பிரெட் தூள் சேருங்கள். ஜமைக்காவில் இறைச்சிப் பூரணத்திலும் இது உண்டு. மிச்ச ஈரத்தை உறிஞ்சிக்கொண்டு, கடிக்கும்போது உள்ளே குழைவாக நிற்பது இதனால்தான். சோள மாவு கரைத்து ஊற்றிக் கெட்டிப்படுத்துவது வேண்டாம். சூட்டில் கெட்டியாகத் தெரிந்தாலும் தண்ணீர் உள்ளேயேதான் இருக்கும். இறக்கியதைத் தட்டில் பரப்பி ஆறவிட்டு, ஃப்ரிட்ஜில் குளிரவைத்த பிறகே நிரப்புங்கள். முதல் நாள் இரவே செய்து வைத்துக்கொள்வது சௌகரியம்.

வட்டம் 15 செ.மீ., கனம் 3 மி.மீ., பூரணம் 55 முதல் 60 கிராம், அதாவது குவித்த மூன்று மேசைக்கரண்டி. ஓரத்தில் ஒன்றரை செ.மீ. காலியாக விட்டு, பாதி வட்டத்துக்கு மட்டும் தண்ணீர் தடவி மடித்து, காற்று நிற்காமல் உள்ளிருந்து வெளியே அழுத்தி வாருங்கள். முள்கரண்டித் தடம் மாவைத் துளைத்து மறுபக்கம் போகக் கூடாது. மேலே இரண்டு மூன்று குத்து, ஆவி போக. மூடிய பேட்டீஸை 20 நிமிடம் குளிரவைத்து, 200 டிகிரியில் ஏற்கெனவே சூடான தட்டின் மேல் வைத்தால் அடி உடனே வேகத் தொடங்கும். ஓ.டி.ஜி. எனும் சிறு மின் ஓவனில் மேல், கீழ் இரண்டு கம்பியும் எரிய வேண்டும், தட்டு கீழ்த்தட்டில். 25 முதல் 30 நிமிடம். ஒன்றைத் திருப்பிப் பார்த்து அடியில் பழுப்பு ஏறியிருந்தால்தான் எடுங்கள். மேல்பக்கம் மஞ்சளாகவே இருப்பதால் அதை வைத்து வேக்காடு சொல்ல முடியாது.

கேள்வி: இறைச்சிக்குப் பதில் என்ன வைத்தால் அந்த ருசி வரும்? கேரட், பீன்ஸ் வைத்தால் வெஜ் பஃப் மாதிரி ஆகிவிடுகிறது. (மதுரை)

கேரட், பீன்ஸ், உருளைக்கிழங்கு, கரம் மசாலா என்று போனால் அது பேக்கரி பஃப்தான். ஜமைக்காவில் சைவப் பேட்டீஸுக்கு முட்டைகோஸ், கேரட், சோளம் கலந்தது ஒரு வகை. அதையும் ஜமைக்கா பேட்டீஸ் ஆக்குவது தைம் இலை, வெங்காயத்தாள், ஆல்ஸ்பைஸ் (ஒரு மரத்தின் காய்ந்த காய்), ஸ்காட்ச் பானட் மிளகாய் என்ற நான்கும்தான். காய் இரண்டாம்பட்சம்.

வீட்டில் செய்ய எங்கள் முதல் சிபாரிசு முழு மைசூர் பருப்பு, தோலோடு இருக்கும் பழுப்பு நிறத்தது. 200 கிராம் பருப்பைத் திறந்த பாத்திரத்தில், நசுக்கினால் நசுங்கும், ஆனால் குழையாத பதத்தில் வேகவைத்து வடியுங்கள். குக்கர் குழைத்துவிடும். 2 மேசைக்கரண்டி தேங்காய் எண்ணெயில் ஒரு மேசைக்கரண்டி ஜமைக்கா கறிப்பொடியை (கலவை கீழே, சேலம் கேள்வியில்) அரை நிமிடம் பொரியவிட்டு, பொடியாக அரிந்த பெரிய வெங்காயம் 1, பூண்டு 4 பல், வெங்காயத்தாள் 4, மிளகாய், காய்ந்த தைம் 1 தேக்கரண்டி, ஆல்ஸ்பைஸ் தூள் அரை தேக்கரண்டி சேர்த்து வதக்குங்கள். பருப்பு, உப்பு, 100 மி.லி. கெட்டித் தேங்காய்ப்பால் விட்டு, பால் முழுக்கச் சுண்டும்வரை கிளறி, பாதியை மட்டும் மத்தால் மசித்துவிடுங்கள். பாதி மசியல், பாதி பருப்பு என்பதில்தான் கொத்திய இறைச்சியின் தன்மை வருகிறது.

கீரைப் பிரியர்களுக்கு இன்னும் வசதி. ஜமைக்காவின் கலாலு என்ற கீரை நம் முளைக்கீரை, தண்டுக்கீரை இனமேதான். இன்னொரு கரீபியன் தீவான டிரினிடாடில் கலாலு என்றால் சேம்பு இலை, அதைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். 10 பேட்டீஸுக்கு ஒரு கிலோ கீரை பிடிக்கும். வதக்கித் துணியில் பிழிந்த பிறகு அளவு பாதியாகிவிடும். பாலக் வேண்டாம், தண்ணீர் விட்டுக்கொண்டே இருக்கும். சோயா மணிகளும் (கிரான்யூல்ஸ்) சரி, வெந்நீரில் ஊறியதை இரண்டு முறை கழுவிப் பிழிந்தால் பச்சை வாடை போகும். பலாமுசுவில் ருசி நன்றாக வருமே தவிர, நார் நாராக வைத்தால் கடிக்கும்போது பூரணம் மொத்தமாக வெளியே வரும். பொடியாகக் கொத்திவிடுங்கள்.

கேள்வி: ஸ்காட்ச் பானட் மிளகாயும் ஆல்ஸ்பைஸும் எங்கே கிடைக்கும்? பச்சை மிளகாய் போதாதா? (திருச்சி)

காரத்துக்குப் போதும், வாசனைக்குப் போதாது. ஸ்காட்ச் பானட்டில் பழ வாசனை உண்டு. அதே இனத்தைச் சேர்ந்த ஹாபனேரோ கிடைத்தால் அதுதான் கிட்டத்தட்டச் சரியான மாற்று. இலங்கையில் இருப்பவர்களுக்கு நை மிரிஸ் இருக்கிறது. 10 பேட்டீஸுக்கு விதை நீக்கிய ஒரு மிளகாய் தாராளம், கையுறை போட்டு அரியுங்கள். எதுவுமே கிடைக்காவிட்டால் இரண்டு பச்சை மிளகாயோடு பழுத்த சிவப்புக் குடைமிளகாய் கால் பங்கு சேருங்கள்.

ஆல்ஸ்பைஸ் மரம் கேரளத்திலும் தமிழகத்து நர்சரிகளிலும் சர்வசுகந்தி என்ற பெயரில் விற்கிறது. காயின் வாசனை இலையிலும் உண்டு. இரண்டு இலையைக் கிளறும்போது போட்டு, பிறகு எடுத்துவிடலாம். இல்லையென்றால் அரை தேக்கரண்டி ஆல்ஸ்பைஸுக்குக் கிராம்பு 2, பட்டை ஒரு செ.மீ., மிளகு 4, ஜாதிக்காய் ஒரு சிட்டிகை எல்லாம் பொடித்தது. தைம் கிடைக்காவிட்டால் ஓமம் கால் தேக்கரண்டிக்கு மேல் போகாதீர்கள். இரண்டிலும் தைமால் என்ற ஒரே வாசனைப் பொருள்தான், ஆனால் ஓமத்தில் அது தூக்கலாக இருக்கும்.

கேள்வி: கறிப்பொடிக்குச் சாம்பார் பொடி போடலாமா? (சேலம்)

கூடாது. சாம்பார் பொடியில் பருப்பும் மிளகாயும் அதிகம். எண்ணெயில் பொரியவிட்டால் பருப்பு கருகும். ஜமைக்காவுக்கு 1845 மே மாதம் முதல் கப்பலில் போன இந்திய ஒப்பந்தத் தொழிலாளர்கள் வழியாகப் பரவிய கறிச் சமையல், அங்கே மஞ்சள் தூக்கலாக, மிளகாய் இல்லாமல் தனி வடிவம் எடுத்தது. காரம் தனியாக மிளகாயிலிருந்து வரும். மஞ்சள்தூள் 2 மேசைக்கரண்டி, மல்லி 2 மேசைக்கரண்டி, சீரகம் 1 மேசைக்கரண்டி, வெந்தயம் அரை தேக்கரண்டி, மிளகு 1 தேக்கரண்டி, ஆல்ஸ்பைஸ் 1 தேக்கரண்டி. மஞ்சள் தவிர மற்றவற்றை லேசாக வறுத்து அரைத்துக் கலந்தால் சில மாதம் வரும்.

கேள்வி: மேல்மாவில் சிவப்புப் புள்ளிகள் வந்தன. கெட்டுப்போனதா? (ஈரோடு)

சமையல் சோடா சேர்த்திருப்பீர்கள். மஞ்சள் காரத்தன்மை பட்டால் சிவக்கும், குங்குமம் அப்படித்தான் செய்கிறார்கள். சாப்பிடலாம், கெடுதல் இல்லை. இந்த மாவுக்குச் சோடாவும் வேண்டாம், பேக்கிங் பவுடரும் வேண்டாம். அடர் ஆரஞ்சு நிறம் வேண்டுமென்றால் ஜாப்ரா (அனாட்டோ) விதையை எண்ணெயில் சிறுதீயில் காய்ச்சி வடித்து, ஆறியதும் ஒரு மேசைக்கரண்டி மாவில் சேருங்கள்.

கேள்வி: கடையில் 'வெஜிடபிள் பேட்டீஸ்' என்று போட்டிருந்தால் நம்பி வாங்கலாமா? (ஸ்கார்பரோ, கனடா)

உள்ளே காய்கறி இருக்கும், மேல்மாவுக்கு அது உத்தரவாதம் இல்லை. எல்லாப் பேட்டீஸுக்கும் ஒரே மாவைப் பயன்படுத்தும் இடங்களில் மாட்டுக்கொழுப்பு இருக்கலாம். 'மாவில் என்ன கொழுப்பு?' என்று கேளுங்கள், அல்லது உறையில் உள்ள சேர்மானப் பட்டியலைப் படியுங்கள். ஜமைக்காவின் ராஸ்தஃபாரி சமயத்தாரின் முறையில் சமைக்கும் 'ஐட்டல்' கடைகளில் இறைச்சியே இருக்காது. உப்பும் குறைவாக, சில இடங்களில் இல்லாமலேயே இருக்கும்.

கேள்வி: ஓவன் இல்லை. எண்ணெயில் பொரிக்கலாமா? (நாகர்கோவில்)

மேலே சொன்ன மாவை எண்ணெயில் போட்டால் கொழுப்பு உருகி அடுக்கு பிரிந்து உதிர்ந்துவிடும். யாழ்ப்பாணத்துப் பற்றீஸைப் பொரிக்க முடிவது அதன் மாவில் கொழுப்பு குறைவு என்பதால். ஏர் ஃப்ரையர் இருந்தால் 180 டிகிரியில் 18 நிமிடம், நடுவில் ஒரு முறை திருப்பி. அதுவும் இல்லையென்றால் கரீபியனிலேயே பொரிக்கவென்று இருக்கிற பண்டத்துக்கு மாறிக்கொள்ளுங்கள்: டிரினிடாட் ஆலு பை.

மைதா 300 கிராம், பேக்கிங் பவுடர் 1 தேக்கரண்டி, உப்பு அரை தேக்கரண்டி, எண்ணெய் 1 மேசைக்கரண்டி, வெதுவெதுப்பான தண்ணீர் 170 மி.லி. இதை மெத்தென்று பிசையத்தான் வேண்டும். அரை மணி நேரம் மூடி வைத்து 8 உருண்டையாக்குங்கள். உருளைக்கிழங்கு 400 கிராமைத் தோலோடு வேகவைத்து, சூடாக உரித்துக் கட்டியில்லாமல் மசித்து, வறுத்துப் பொடித்த சீரகம் ஒன்றரை தேக்கரண்டி, நசுக்கிய பூண்டு 3 பல், மிளகாய், உப்பு சேருங்கள். பச்சை வெங்காயம் சேர்த்தால் மிகப் பொடியாக அரியுங்கள், பெரிய துண்டு மாவைக் கிழிக்கும். அங்கே போடும் ஷாடோ பெனி, கேரளத்தில் ஆப்பிரிக்க மல்லி என்று வளர்க்கும் நீள இலைதான். கொத்தமல்லி போட்டால் இரண்டு பங்கு வேண்டும்.

வட்டத்தின் ஓரத்தை நடுவைவிட மெல்லிதாக்காமல் தேய்த்து, 45 கிராம் மசியல் வைத்து மடித்து நீளவாக்கில் தட்டையாக்குங்கள். எண்ணெய் 180 டிகிரி, பக்கத்துக்கு இரண்டு நிமிடம். மாவுத் துணுக்கைப் போட்டால் உடனே நுரைத்து மேலே வர வேண்டும், அடியில் தங்கினால் எண்ணெய் குடிக்கும். பொரித்ததைப் பக்கவாட்டில் கீறி, உள்ளே கொண்டைக்கடலைக் கறியும் புளிச் சட்னியும் விட்டுச் சாப்பிடுவது டிரினிடாட் வழக்கம்.

கேள்வி: கோதுமை மாவில் வருமா? முட்டை பூசாமல் பளபளப்பு வருமா? மொத்தமாகச் செய்து வைக்கலாமா? (பெங்களூரு)

மூன்றில் ஒரு பங்கு வரை கோதுமை சேர்க்கலாம், தண்ணீர் ஒரு மேசைக்கரண்டி கூடும். முழுக்கக் கோதுமை என்றால் அடுக்கு எதிர்பார்க்காதீர்கள். ஜமைக்கா பேட்டீஸுக்குப் பளபளப்பு அவசியமே இல்லை, மேல்பக்கம் மாவுப்பூச்சோடு மங்கலாக இருப்பதுதான் இயல்பு.

மொத்தமாகச் செய்தால் வேகவைக்காமலே உறையவையுங்கள். தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் வைத்துக் கல்லானதும் பைக்கு மாற்றினால் இரண்டு மாதம் இருக்கும். கீரைப் பூரணம் மட்டும் ஒரு மாதத்துக்குள் தீர்த்துவிடுங்கள். உருகவிடாமல் நேராக ஓவனுக்கு, 200 டிகிரியில் 35 முதல் 40 நிமிடம். வெந்ததைச் சூடுபடுத்த மைக்ரோவேவ் வேண்டாம், மேல்மாவு தோல்போல் ஆகிவிடும். ஓவன் இல்லாத இடத்தில் மூடிய தோசைக்கல்லில் சிறுதீயில் பக்கத்துக்கு நான்கு நிமிடம் வைத்தால் போதும்.