கூட்டுறவு வங்கிக் கடன்: கடன்தாரரை விட்டுவிட்டு ஜாமீன்தாரரிடம் வசூலிக்கலாமா?

வசூலிக்கலாம். இந்திய ஒப்பந்தச் சட்டம் 1872, பிரிவு 128-ன்படி, பத்திரத்தில் வேறுவிதமாகச் சொல்லாதவரை கடன்தாரரின் பொறுப்பு முழுவதும் ஜாமீன்தாரருக்கும் உண்டு. "முதலில் அவரிடம் கேளுங்கள்" என்ற வாதம் நிற்காது.

தமிழ்நாட்டில் இந்தத் தாவா, 1983-ம் ஆண்டு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் பிரிவு 90-ன் கீழ் பதிவாளரிடம் போகும். நோட்டீஸ் வந்தும் ஆஜராகாமல் இருப்பதுதான் பெரிய தவறு, ஒருதலைப்பட்சமாக உத்தரவாகிவிடும். தயவுசெய்து அதை மட்டும் செய்யாதீர்கள்.

ஆஜராகி, கடன் பத்திரம், கணக்கு நகல் இரண்டையும் கேளுங்கள். உங்கள் சம்மதமின்றிக் கடன் நிபந்தனையை மாற்றியிருந்தால், அதற்குப் பிந்தைய பரிவர்த்தனைகளுக்கு ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 133 கைகொடுக்கும். ஈடாக வைத்த நகையை உங்களைக் கேட்காமல் வங்கி திருப்பிக் கொடுத்திருந்தால், அந்த மதிப்பளவுக்கு அதே சட்டத்தின் பிரிவு 141 உங்களை விடுவிக்கும். ஆனால், இவற்றுக்கெல்லாம் முன்கூட்டியே சம்மதிப்பதாகப் பத்திரத்திலேயே ஒரு வரி இருக்கக்கூடும்; அதைத் தேடிப் படியுங்கள்.

நீங்கள் கட்ட நேர்ந்தால், ரசீதை உங்கள் பெயரிலேயே வாங்குங்கள். ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 145-ன்படி, கட்டிய பணத்தைக் கடன்தாரரிடம் திரும்பக் கேட்கலாம்.